குறட்டை உண்டா என்று டாக்டர் கேட்டபோது

என் கணவர் பாவூர்சத்திரம் மார்க்கெட்டில் வெங்காய வியாபாரி. நெஞ்செரிச்சல் தீராததால் எண்டோஸ்கோப்பி பார்க்கத் தென்காசியில் ஒரு மருத்துவமனைக்குப் போனோம். தொண்டை வழியாக விடும் குழாயை நினைத்தே மிரண்டுபோனவர், "நல்லா தூங்க வச்சிருங்க டாக்டரம்மா, எனக்கு ஒண்ணும் தெரியக் கூடாது" என்றார்.

"தூக்கத்துல குறட்டை உண்டா?" என்று கேட்டார் மயக்க மருந்து கொடுக்கும் டாக்டர்.

"அதெல்லாம் கிடையாது."

அவர் பொய் சொல்லவில்லை. தூங்குகிறவருக்கு எப்படித் தெரியும்? அவரது கண்ணாடியை வாங்கிக்கொண்டு வெளியே கிளம்பிய நான் நின்றுவிட்டேன்.

"பயங்கரமா குறட்டை விடுவாவ டாக்டர். நடுவுல மூச்சே நின்னுரும். நாந்தான் தோளைத் தொட்டு ஒருக்களிச்சுப் படுக்க வைக்கேன்."

டாக்டரின் முகம் மாறியது. "நல்லவேளை சொன்னீங்க. இவருக்கு ஆழ்ந்த மயக்கம் கொடுத்தா மூச்சு தடைபடலாம். தொண்டை மரத்துப்போக ஸ்ப்ரே மட்டும் அடிச்சுப் பாத்திரலாம்" என்றார்.

என்னையும் பக்கத்தில் நிற்க விட்டார்கள். கொஞ்ச நேரம்தான். கண்ணில் நீர் வழிய அவர் என் கையை இறுகப் பிடித்திருந்தார். வயிற்றில் சின்னப் புண், மாத்திரையில் ஆறிவிடும் என்றார்கள்.

வெளியே வந்ததும், "ஏட்டி, எனக்காவ தெனமும் முழிச்சா கெடக்க? ஏன் சொல்லல?" என்றார்.

"சொன்னா நீங்க பயந்து தூங்க மாட்டியளே."

பிறகு தூக்கப் பரிசோதனை செய்து, இப்போது மூச்சு தடைபடாமல் காற்று தரும் மாஸ்க் போட்டுத் தூங்குகிறார். எந்த டாக்டரிடம் போனாலும் இருவரும் சேர்ந்தே உள்ளே போகிறோம். தூக்கம் எப்படி என்று கேட்டால், "அவகிட்ட கேளுங்க" என்று என்னைக் காட்டுகிறார்.