எந்தப் பக்கமாக வெட்டுவது

முதலில் மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன். நான் எழுதுகிறவன் இல்லை. பத்தாவது வரை படித்தேன். அதற்குப் பிறகு எழுதியதெல்லாம் மிளகு மூட்டையின் மேல் போடும் பெயரும் ரேஷன் கடையில் போடும் கையெழுத்தும்தான். அப்படிப்பட்டவன் உடைந்த கை எலும்பை எந்தப் பக்கமாக அறுத்துச் சேர்க்கிறார்கள் என்று எழுத உட்காருவது அதிகப்பிரசங்கித்தனம். டாக்டர் என் கையிலேயே பேனாவால் கோடு போட்டுக் காட்டியதால் எனக்கு இவ்வளவாவது தெரியும். இதில் தவறு இருந்தால் என்னுடையது. அவர் சரியாகத்தான் சொன்னார்.

மலை மேல் வாழவந்தி நாட்டில் எங்களுக்குக் கொஞ்சம் நிலம் இருக்கிறது. சில்வர் ஓக் மரங்களில் மிளகுக் கொடி ஏற்றி விட்டிருக்கிறோம். பறிக்கும் காலத்தில் ஒற்றை மூங்கிலை மரத்தில் சாய்த்துக் கட்டி, அதன் கணுக்களில் கால் வைத்து ஏற வேண்டும். ஏறுவது நான். கீழே நின்று சாக்கை வாங்குவது என் மனைவி. அன்று நான் சாக்கு வாங்கச் சோளக்காடு சந்தைக்குப் போனவன், டீக்கடையில் உட்கார்ந்துவிட்டேன். மழை வருவதுபோல் இருந்ததால் அவளே ஏறியிருக்கிறாள்.

நான் திரும்பி வந்தபோது மரத்தடியில் உட்கார்ந்திருந்தாள். வலது கையை மடியில் குழந்தையைப் போல வைத்திருந்தாள். முழங்கைக்குக் கொஞ்சம் கீழே கை வேறு பக்கம் திரும்பியிருந்தது.

"ஒடஞ்சிருச்சுங்க. மொளகு கொட்டல, பாத்துக்கிட்டேன்" என்றாள்.

எலும்புக்குக் கட்டுப் போடும் வைத்தியரிடம் போகலாம் என்று சிலர் சொன்னார்கள். அவள்தான் வேண்டாம் என்றாள். மலையில் இருந்த நர்ஸ் அட்டை வைத்துக் கட்டி, கீழே பெரிய ஆஸ்பத்திரிக்குப் போகச் சொன்னார். பஸ்ஸில் அடிவாரத்துக் காரவள்ளி வரும் வரை ஒவ்வொரு வளைவிலும் அவள் என் தோளில் பல்லைப் பதித்துக்கொண்டு வந்தாள். சத்தம் போடவில்லை.

படம் எடுத்துப் பார்த்த பிறகு டாக்டர் என்னை மட்டும் அறைக்குக் கூப்பிட்டார். என் வயதுதான் இருக்கும். என் கையைப் பிடித்து மேசை மேல் மல்லாத்தி வைத்தார்.

"முன்கையில ரெண்டு எலும்பு. இது சுண்டுவிரல் பக்கம். இது கட்டைவிரல் பக்கம், ரேடியஸ்னு பேரு. ஒடஞ்சது இதுதான். ரெண்டு துண்டும் ஒண்ணு மேல ஒண்ணு ஏறி நிக்குது. வெறும் மாவுக்கட்டுல சேராது. தெறந்து, பிளேட் வெச்சு முடுக்கணும்."

பேனாவை எடுத்து, முழங்கை மடிப்பிலிருந்து கட்டைவிரல் அடி வரைக்கும் உள்ளங்கைப் பக்கமாக ஒரு கோடு போட்டார். பிறகு கையைக் குப்புறத் திருப்பி, புறங்கைப் பக்கமாக இன்னொன்று போட்டார்.

"எலும்புகிட்டப் போக இப்படி ரெண்டு வழி. விரலை மேல தூக்குற நரம்பு ஒண்ணு இருக்கு. அது இங்கதான் எலும்பைச் சுத்திக்கிட்டுச் சதைக்குள்ள போகுது. புறங்கைப் பக்கமாப் போனா அது குறுக்க நிக்கும், தேடிப் புடிச்சு ஒதுக்கணும். அடிபட்டுதுன்னா விரல் தொங்கிப் போயிடும். உள்ளங்கைப் பக்கமாப் போனா, கையை இப்படி மல்லாத்திப் புடிச்சா நரம்பு வெட்டுற எடத்தை விட்டுத் தள்ளிப் போயிடும். அதனால நான் இந்தப் பக்கமாத்தான் போவேன். ஏதாச்சும் கேக்கணுமா?"

"இல்லீங்க. சரிங்க" என்றேன்.

எங்கள் ஊரில் நாற்காலியில் உட்கார்ந்திருப்பவர் எதைச் சொன்னாலும் சரிங்க என்பதுதான் மரியாதை. ஆபீசர் வந்து இந்தக் கன்றை நடுங்கள் என்றால் சரிங்க. அவர் ஜீப் திரும்பிப் போன பிறகு எங்களுக்கு எது வருமோ அதை நடுவோம். அவருக்கும் மனக்கஷ்டம் இல்லை, எங்களுக்கும் நஷ்டம் இல்லை. ஆஸ்பத்திரியில் சொல்லும் சரிங்கவுக்குப் பிறகு நம் இஷ்டப்படி நடுவதற்கு எதுவும் இல்லை என்பது எனக்கு அப்போது உறைக்கவில்லை.

வார்டுக்குப் போனேன். வீக்கத்தில் கழற்ற முடியாமல் அவள் வளையல்களை வெட்டி எடுத்திருந்தார்கள். என் கையைப் பார்த்ததும் சிரித்தாள்.

"இதென்னங்க, உங்களுக்குக் கோலம் போட்டு அனுப்பிட்டாங்களா?"

விவரம் சொன்னேன். அவள் உள்ளங்கைப் பக்கத்துக் கோட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள். சிரிப்பு போய்விட்டது.

"இந்தக் கோடு பச்சை மேல போகுதுங்க."

அவள் வலது முன்கையில், உள்ளங்கைப் பக்கம், பச்சை குத்திய ஒரு பெயர் உண்டு. அவள் தங்கையின் பெயர். சின்ன வயதில் ஊருக்குள் பச்சை குத்த வந்த ஒரு பெண்ணிடம் அக்காவும் தங்கையும் சேர்ந்து குத்திக்கொண்டார்கள். குத்துகிறவருக்கு எழுதத் தெரியாது, என் மனைவிக்கும் தெரியாது. பள்ளிக்கூடம் போனது தங்கை மட்டும்தான். அவளே அடுப்புக் கரியால் அக்காவின் கையில் தன் பெயரை எழுதினாள். அதன் மேலேயே ஊசி போனது. எழுத்துகள் கோணல்மாணலாக, போகப்போகப் பெரிதாகி முழங்கைப் பக்கம் ஏறும். எங்கள் கல்யாணத்துக்கு முன்பே காய்ச்சலில் அந்தத் தங்கை போய்விட்டாள். போட்டோ எதுவும் எடுத்திருக்கவில்லை. அவள் கைபட்டதாக மிஞ்சியது அந்த எழுத்துதான். வீட்டில் எண்ணெய் தேய்க்கும்போது என் மனைவி அந்த இடத்தை மட்டும் மெதுவாகத் தேய்ப்பாள். இத்தனை வருஷம் பார்த்திருக்கிறேன். டாக்டர் என் கையில் கோடு போட்டபோது எனக்கு அது ஞாபகத்துக்கு வரவில்லை.

"மறுபக்கம் வெட்டச் சொல்லுங்க" என்றாள்.

"அங்க நரம்பு இருக்குதாம். பட்டுப்போனா வெரலு தூக்க முடியாதாம்."

"நரம்பு இருந்தா டாக்டரு பாத்துக்குவாரு. அதுக்குத்தான படிச்சிருக்காரு? நீங்க போய்ச் சொல்லுங்க."

நான் நின்றுகொண்டே இருந்தேன். பக்கத்துப் படுக்கையில் காலில் கட்டோடு ஒரு பெண் படுத்திருந்தார்.

"ஏனுங்ண்ணா, அக்கா எத்தன தடவ சொல்றாங்க? வாயில என்ன கொழுக்கட்டையா? போய்ச் சொல்லிப்போட்டு வாங்க."

"அவரு அப்படித்தாஞ் சாமி" என்றாள் என் மனைவி. "பொண்ணு பாக்க வந்தன்னிக்கும் இப்படியேதான் நின்னாரு. புடிச்சிருக்கான்னு எங்கப்பன் கேட்டதுக்கு, தண்ணி வேணும்னாரு."

இருவரும் சிரித்தார்கள். நான் வெளியே போனேன்.

டாக்டர் வராந்தாவில் நின்று சின்ன டாக்டர்கள் நாலைந்து பேரிடம் பேசிக்கொண்டிருந்தார். நான் சுவர் ஓரமாக நின்றேன். என்ன சொல்வது என்று மனசுக்குள் சொல்லிப் பார்த்தேன். பச்சைக்காக வெட்டும் பக்கத்தை மாற்றுங்கள் என்று அத்தனை படித்தவர்கள் நடுவில் சொல்வதை நினைத்தாலே முகம் சூடானது. அவரே என்னைப் பார்த்துவிட்டார்.

"என்னங்க?"

"ஒண்ணுமில்லீங்க."

அவர் போய்விட்டார். நான் கொஞ்ச நேரம் தண்ணீர்க் குழாய்க்குப் பக்கத்தில் நின்றுவிட்டு வார்டுக்குத் திரும்பினேன்.

"சொன்னீங்களா?"

"சொல்லிட்டேன்."

"என்னன்னாரு?"

"பாத்துக்கலாம்னாரு."

அந்த இரண்டாவது பொய் முதல் பொய்யை விடச் சுலபமாக வந்தது. அவள் முகம் தெளிந்துவிட்டது. "பாத்தீங்களா? வாயத் தொறந்தா ஆகுதில்ல" என்றாள். கீழே வந்ததிலிருந்து சரியாகச் சாப்பிடாதவள் அன்று இட்லி முழுவதையும் இடது கையால் சாப்பிட்டாள். எனக்கும் ஒன்று ஊட்டினாள்.

மறுநாள் காலை ஆபரேஷன். தள்ளுவண்டியில் கொண்டுபோகும்போது, "மயக்கம் குடுப்பீங்களாம்மா?" என்று நர்ஸைக் கேட்டாள்.

"இல்லீங்க, கையை மட்டும்தான் மரத்துப் போக வெப்போம். நீங்க முழிச்சுத்தான் இருப்பீங்க. பயமா இருந்தாக் கதை பேசலாம்."

கதவு மூடும் நேரத்தில் எனக்கு எங்கிருந்து தைரியம் வந்ததோ, நர்ஸைக் கூப்பிட்டு எல்லாவற்றையும் ஒரே மூச்சில் கொட்டிவிட்டேன். அவர் உள்ளே போனார். பச்சை உடையில் டாக்டரே வெளியே வந்தார்.

"நேத்தே ஏங்க சொல்லல? கேட்டனே?"

தங்கை எழுதிய எழுத்து என்பதைச் சொன்னேன். அவர் கோபப்படவில்லை.

"முடிஞ்ச அளவுக்குத் தள்ளிப் பாக்கறேன். ஆனா ஒடஞ்ச எடம் நேரா அதுக்குக் கீழதான் இருக்கு. தப்பிக்கும்னு என்னால சொல்ல முடியாது. புறங்கைப் பக்கமாச் செய்யவே முடியாதுன்னும் இல்ல. விரலுக்கு ஆபத்து கொஞ்சம் கூட, அவ்வளவுதான். கை அவங்களோடது. முழிச்சுத்தான் இருக்காங்க. உள்ள போய் ஒரு வார்த்தை கேட்டுடறேன்."

"வேண்டாங்க" என்றேன்.

அவர் என்னைப் பார்த்தார்.

"நானே சொல்றேங்க. உள்ளங்கைப் பக்கமே வெட்டிக்குங்க. அவளும் அதைத்தான் சொல்லுவா."

"நிச்சயமாவா?"

"நிச்சயமாங்க."

"சரிங்க" என்று சொல்லிவிட்டு அவர் உள்ளே போனார்.

அவள் விரல்களுக்காகத்தான் அப்படிச் சொன்னேன் என்று வெளியே இருந்த பெஞ்சில் உட்கார்ந்து எனக்கு நானே சொல்லிக்கொண்டிருந்தேன். அது பொய்யும் இல்லை. மிளகு உதிர்ப்பவளுக்கு, களை பிடுங்குபவளுக்கு, விரல் தொங்கிப் போனால் என்ன ஆகும்? ஆனால் டாக்டர் கேட்கிறேன் என்றபோது என் மனசில் முதலில் வந்தது விரல் இல்லை. அவர் போய்க் கேட்டால் நேற்று நான் சொல்லவே இல்லை என்பது அவளுக்குத் தெரிந்துவிடும். அதுதான் முதலில் வந்தது. விரல் அதற்குப் பின்னால் வந்தது. இதை நான் யாரிடமும் சொன்னதில்லை. வாயால் சொல்ல வராததால்தான் எழுதுகிறேன்.

மாலையில் வார்டில் பார்க்க விட்டார்கள். கையை முழங்கைக்கு மேல் வரை கட்டித் தலையணை மேல் வைத்திருந்தார்கள்.

"வலிக்குதா?"

"இன்னும் மரப்புப் போகல. என் கை மாதிரியே இல்லீங்க. வேற யாரோ பக்கத்துல படுத்துக்கிட்டு இருக்காப்பல இருக்குது."

ஆரஞ்சை உரித்துக் கொடுத்தேன். ஒரு சுளை தின்றாள். பிறகு என்னைப் பார்க்காமல் சொன்னாள்.

"கதவு சரியாச் சாத்தலீங்க."

எனக்குப் புரிந்துவிட்டது. ஆரஞ்சுத் தோலைக் கையில் வைத்துக்கொண்டு நின்றேன்.

"டாக்டரு உள்ள வந்து கேப்பாருன்னு பாத்துக்கிட்டே இருந்தேன். நீங்கதான் வேண்டாம்னுட்டீங்களே."

"நீ ஒரு சத்தம் போட்டிருக்கலாமே, கண்ணு."

"போட்டிருக்கலாம். ஊட்டுக்காரரு நிச்சயம்னு சொல்லிப்போட்டு நிக்கறாரு. அத்தன பேரு முன்னால நான் இல்லீங்கன்னு சொன்னா, உங்களுக்கு அசிங்கமில்லீங்களா?"

பக்கத்துப் படுக்கைப் பெண் சட்டென்று போர்வையை இழுத்துக்கொண்டு அந்தப் பக்கம் திரும்பிப் படுத்தார்.

"கேட்டிருந்தா என்ன சொல்லியிருப்ப?" என்றேன்.

"இப்ப எதுக்குங்க அது?"

பார்க்கும் நேரம் முடிந்து வெளியே போகச் சொன்னார்கள். போய்ட்டு வாரேன் என்றேன். தலையை மட்டும் ஆட்டினாள்.

அடுத்த நாள் காலை கட்டைப் பிரித்து மருந்து மாற்றினார்கள். டாக்டர் விரல்களைத் தூக்கச் சொன்னார், ஐந்தையும் தூக்கினாள். தையல் எழுத்துகளின் நடுவே போயிருந்தது. முதல் எழுத்து முழுசாக இருந்தது, மற்றவை பிளந்து, ஒன்றோடொன்று பொருந்தாமல் சேர்ந்திருந்தன. அவள் ஒரு முறை பார்த்தாள், பிறகு தண்ணீர் கேட்டாள். நான் பாட்டிலைத் தேடி எடுப்பதற்குள் நர்ஸ் கொடுத்துவிட்டார்.