பக்கத்துக் காம்பராக்காரிக்காக நான் கொடுத்த குரல்

அறுபதுகளின் தொடக்கத்தில் நடந்தது இது. அப்போது நாங்கள் இலங்கையில் அக்கரப்பத்தனைப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்தில் இருந்தோம். தோட்டத்தை நடத்தும் துரையோடு ஏற்பட்ட ஒரு தகராறில் எங்கள் லயத்து வரிசை வீடுகளில் ஆறு குடும்பங்களை வேலையிலிருந்து நிறுத்திவிட்டார்கள். அதோடு விட்டார்களா? குடியிருந்த ஒற்றை அறை லயக் காம்பராவைக் காலி செய்யச் சொல்லி ஆறு பேர் மேலும் தனித்தனியாக வழக்கும் போட்டார்கள். நாங்களாகவே ஒரு வாரம் வேலைக்கு வராமல் நின்றுகொண்டோம் என்பது அவர்கள் கட்சி. உண்மையில் அந்த வாரம் முழுக்க விடிவதற்கு முன்பே, பேர் கூப்பிட்டு வேலை கொடுக்கும் பெரட்டுக்களத்தில் போய் நின்றோம். மற்றவர்களை மலைக்குக் கொழுந்து பறிக்கப் பிரித்து அனுப்பிவிட்டு, எங்கள் பேரைக் கூப்பிடாமலே விட்டார்கள்.

ஆறும் ஒரே கதை என்பதால் ஒன்றாகச் சேர்த்து விசாரிக்கும்படி எங்கள் வக்கீல் கேட்டு அனுமதி வாங்கினார். ஒருவர் சொல்லும் சாட்சி ஆறு வழக்குக்கும் செல்லுமாம். அந்த ஒருவராக என்னைப் பிடித்தார்கள். வாய் நீளம், யாருக்கும் பயப்படமாட்டாள் என்று பெயர் எடுத்திருந்தேன். எனக்கும் அதில் பெருமை தாங்கவில்லை.

பக்கத்துக் காம்பராக்காரி புருஷன் இல்லாதவள், கைக்குழந்தைக்காரி. நாங்கள் ஐந்து பேர் எங்களுக்காகப் பேசும்படி வக்கீலுக்குக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்த அன்று அவள் குழந்தையோடு ஆஸ்பத்திரியில் கிடந்தாள். அதனால் வழக்கு நாளில் அவளே வந்து கைநாட்டு வைக்க வேண்டும், கூப்பிடும்போது ஆள் இல்லாவிட்டால் விசாரணையே இல்லாமல் காம்பரா போய்விடும் என்று வக்கீல் படித்துப் படித்துச் சொல்லியிருந்தார். அன்று காலை பஸ் ஏறும் நேரத்தில் குழந்தை வாந்தி எடுத்தது.

"நீங்க முன்னால போங்கக்கா. மருந்து வாங்கிக் குடுத்துட்டு அடுத்த பஸ்ல வந்துர்றேன்" என்றாள்.

அட்டன் கோர்ட்டில் பேர் கூப்பிட ஆரம்பித்தார்கள். என் பேர் வந்தது, பதில் சொன்னேன். அடுத்து அவள் பேர். யாரும் இல்லை. இரண்டாம் தரமும் கூப்பிட்டார்கள். யோசிக்கவே இல்லை, முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு "இருக்கேங்க" என்று குரல் கொடுத்துவிட்டேன். முன்னால் வரச் சொன்னார்கள், போய் நின்றேன். என்ன புத்தியோ!

தோட்டத்து வக்கீல் சும்மா இருப்பாரா? இந்தப் பெண் இப்போதுதானே வேறொரு பேருக்குப் பதில் சொன்னாள் என்று எழுந்தார். எங்கள் வக்கீல் முகம் வெளுத்துவிட்டது. "ஒன் வார்த்தைய நம்பித்தானேம்மா ஆறு வழக்கையும் ஒண்ணாக் கட்டுனேன். நீ பொய்க்காரின்னு ஆயிட்டா ஆறு காம்பராவும் போச்சு" என்று என் காதோரம் சொன்னார்.

ஏன் அப்படிச் செய்தாய் என்று நீதவான் கேட்டார். மறைக்க என்ன இருக்கிறது? "பெரட்டுல ஒருத்தி வரப் பிந்துனா, பக்கத்துல நிக்கிறவ கொரல் குடுப்போங்க. அந்தப் பழக்கத்துல வந்துருச்சுங்க" என்றேன்.

தோட்டத்துச் சாட்சியாக, பெரட்டில் பேர் போடும் எங்கள் கணக்கப்பிள்ளை வந்திருந்தார். சிரித்தால் பல் உதிர்ந்துவிடுமோ என்று பயப்படுகிறவர். எங்களில் ஒருவருக்கும் அவரைப் பிடிக்காது. நாங்கள் அந்த வாரம் வரவில்லை என்பதற்கு அவர் கையிலிருந்த பேர் புத்தகம்தான் ஆதாரம். இவள் சொல்வது நிஜமா என்று நீதவான் அவரைக் கேட்டார். ஆமென்றால் அவருடைய புத்தகமே பொய்யாகிவிடும். முன் வரிசையில் துரை உட்கார்ந்திருந்தார். கணக்கப்பிள்ளை அவரை ஒரு தரம் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார்.

"ஆமாங்க. பிந்தி வர்றவளுக்கும் தெரிஞ்சேதான் பேரு போட்டிருக்கேன்" என்றார்.

"அப்படியானால் இந்த ஆறு பேரும் அந்த வாரம் வந்தார்களா?" என்று நீதவான் கேட்டார்.

"வந்தாங்க. பேரு போட வேணாம்னு எனக்கு உத்தரவு" என்றார்.

நீதவான் எனக்குக் கடுமையாகப் புத்தி சொன்னார், இன்னொரு தரம் இப்படிச் செய்தால் மறியலில் அடைத்துவிடுவேன் என்றார். ஆனாலும் அது ஏமாற்றும் எண்ணமல்ல, பழக்கதோஷம் என்று விட்டுவிட்டார். பக்கத்துக் காம்பராக்காரி வரும்வரை வழக்கைத் தள்ளியும் வைத்தார். அவள் மழையில் தொப்பலாக நனைந்து வந்து கைநாட்டு வைத்தாள். பிறகு நான் சாட்சி சொன்னேன், கேட்டதற்கு மட்டும். சில வாரம் கழித்து ஆறு வழக்குக்கும் ஒரே தீர்ப்பு வந்தது. நாங்கள் காம்பராவிலேயே இருக்கலாம்.

அடுத்த மாதமே கணக்கப்பிள்ளைக்கு வேலை போய்விட்டது. அவர் வீட்டுச் சாமானை லொறியில் ஏற்றும்போது நான் பீலிக்கரையில் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்தேன். கூப்பிடு தூரம்தான். அவர் சம்சாரம் தையல் மெஷினைத் தூக்க முடியாமல் தூக்கிக்கொண்டிருந்தது. போய் ஒரு கை பிடித்திருக்கலாம். லயத்துச் சனம் என்ன சொல்லுமோ, துரை காதுக்குப் போய்விடுமோ என்று குடம் நிரம்பி வழிந்த பிறகும் அங்கேயே நின்றேன்.

ஆறு குடும்பம் வீட்டில் இருப்பதற்காக ஒரு குடும்பம் வீட்டை விட்டுப் போனது. அன்று கோர்ட்டில் நான் சொன்ன பொய்யை எப்போதோ மன்னித்துவிட்டேன், அந்த லொறிப் பக்கம் போகாமல் நின்றதை மட்டும் இன்றுவரை மன்னிக்க முடியவில்லை.