ஏலாத கெம்பஸில் வந்த அழைப்பு

பேய், முனி, மோகினி எதையும் நம்புகிற ஆள் நான் இல்லை. கண்ணுக்குத் தெரியாத ஒன்று அடிக்கும் என்று நான் நம்பியது கரண்ட்டை மட்டும்தான். வயரிங் வேலை செய்து பிழைக்கிறவன். இதைச் சொன்னால் நீங்கள் சிரிப்பீர்கள் என்று தெரியும். சிரித்துவிட்டுக் கேளுங்கள்.

கந்தப்பளைக்கு மேலே ஒரு பழைய துரை பங்களாவில் ஒரு பல்கலைக்கழகம் நடக்கிறது. நடக்கவே முடியாத விஷயங்கள், தன்னைத்தானே மறுக்கிற விஷயங்கள், இவற்றை ஆராய்வது மட்டும்தான் அங்கே படிப்பு. போர்டில் மூன்று மொழியிலும் நீளமாக ஒரு பெயர் இருக்கும். எங்கள் பக்கம் முடியாது என்பதை ஏலாது என்போம், அதனால் அதற்கு ஏலாத கெம்பஸ் என்றே பேர் வைத்துவிட்டார்கள். ஒரு பல்பை முடிவே இல்லாமல் போட்டுப் போட்டு அணைத்தால் கடைசியில் அது எரியுமா, அணைந்திருக்குமா என்று ஒரு படிப்புத் தவணை முழுக்க, மாதக்கணக்கில் பேசுவார்கள். பேசிப் பேசிச் சுவிட்சை உடைத்து வைப்பார்கள், நான் போய் மாற்றுவேன். நல்ல மனிதர்கள்தான், தேத்தண்ணி கொடுக்க மறக்க மாட்டார்கள்.

அன்றைக்குப் பகல், விடாத மழை. வகுப்பறையில் ஒரு பிளக்கைக் கழற்றிக்கொண்டிருந்தேன். செல்வம் சேர், அங்கே படிப்பிக்கிறவர், பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். என் போன் அடித்தது. கொட்டகலைப் பக்கம் தேயிலைத் தோட்டத்தில் இருக்கும் என் தங்கச்சி ராணி.

"அண்ணே, நீங்க மட்டும் சொல்லலேன்னா புள்ள இந்நேரம் மண்ணுக்குள்ளதான். எல்லாரும் கோயிலுக்கு ஓடியாந்துட்டோம், குச்சுல இருந்தவள யாருமே நெனைக்கல" என்றாள். அழுகை. பின்னால் அவள் மகள் தர்ஷினியின் குரல்: "மாமாகிட்ட குடும்மா." அதோடு கட்டாகிவிட்டது.

சத்தியமாகச் சொல்கிறேன், எனக்கு முதலில் வந்தது பயம் இல்லை, கோபம். குச்சு என்றால் வயதுக்கு வந்த பிள்ளையைத் தனியாக உட்கார வைக்கிற சின்னக் குடிசை. அதைக் கட்டிக்கொடுக்க வேண்டியவனே தாய்மாமன்தான். எனக்கே சொல்லாமல் குச்சா என்று கொதித்தேன். அப்புறம்தான் உறைத்தது, பிள்ளை பெரியவளானதே எனக்குத் தெரியாது, நான் யாரிடம் என்ன சொன்னேன்?

செல்வம் சேரிடம் சொன்னேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். ஏதாவது பெரிய விளக்கம் சொல்வார் என்று பார்த்தால், "நீங்க சொன்னதா அவங்க சொல்றாங்கதானே? அப்ப சொல்லிருங்க. யோசன அப்புறம்" என்றார்.

உடனே ராணிக்கு அடித்தேன். எடுத்தாள். அழுகை எதுவும் இல்லை, சாதாரணமாகத்தான் பேசினாள். மேல்மலையில் வெடிப்பு விழுந்து மண் சரியப் பார்க்கிறதாம், லயத்து வரிசை வீடுகளில் இருந்த ஆட்கள் எல்லாரும் கோயிலுக்கு வந்துவிட்டார்களாம், அவளும் கொழுந்து பறிக்கிற மலையிலிருந்து நேரே அங்கே வந்துவிட்டாளாம்.

"புள்ள எங்க?" என்றேன்.

"அவளுக்குத் தீட்டுண்ணே, கோயிலுக்கு வரக்கூடாது. அவரு இஸ்கூல்ல கொண்டுபோய் விட்டிருப்பாரு..." என்று இழுத்தாள். அதற்குள் பக்கத்திலிருந்து அவள் புருஷன், தீட்டில் இருக்கிற பிள்ளை முகத்தை ஆம்பளை நான் எப்படிப் பார்ப்பது, நீதான் பொம்பளைகளோடு அனுப்பியிருப்பாய் என்று நினைத்தேன் என்று சொல்வது கேட்டது.

"அவ குச்சுலதான் இருக்கா. ஓடுங்க" என்று கத்தினேன். அவள் போன் செத்துவிட்டது.

மச்சான் ஓடிப்போய் பிள்ளையைத் தார்ப்பாய்ப் படங்கில் சுற்றித் தூக்கிக்கொண்டு வந்திருக்கிறார். அவர் ரோட்டில் ஏறவும் லயத்தின் பின்பக்கம் மண் இறங்கவும் சரியாக இருந்ததாம். குச்சு இருந்த இடத்தை நான் பிறகு போய்ப் பார்த்தேன். இடமே இல்லை. அங்கேயே உட்கார்ந்து அழுதேன்.

எனக்கு ஏன் சொல்லவில்லை என்று கேட்டேன். பிள்ளை அன்று விடியத்தான் வயதுக்கு வந்து உட்கார்ந்தாளாம். தாய்மாமனுக்குப் போனில் சொன்னால் மரியாதை இல்லை, வெற்றிலை பாக்கோடு நேரில் வருவோம் என்று இருந்தார்களாம். நான் கட்டும்வரை விறகுக் கொட்டிலை மறைத்துக் குச்சாக்கியிருக்கிறார்கள். அப்புறம் ராணி என்னையே திருப்பிக் கேட்டாள், உங்களுக்கு எப்படித் தெரியும் என்று. நீதானே முதலில் எனக்கு அடித்துச் சொன்னாய் என்றேன். அவள் எனக்கு அடிக்கவே இல்லையாம். நான் பேசும்போதே சார்ஜ் தீர்ந்த போன் மறுநாள்தான் உயிர் பெற்றதாம்.

செல்வம் சேர் இதை வகுப்பில் வந்து சொல்லச் சொன்னார். சொன்னேன். முதலில் சொன்னது யார் என்று பிள்ளைகள் பொழுது சாயும்வரை சண்டை போட்டார்கள். யாராலும் முடிக்க முடியவில்லை.

ஏதோ மனப்பிரமை என்று நானும் விட்டிருப்பேன். தண்ணீர் ஊற்றுகிற சடங்குக்குச் சீர் எடுத்துக்கொண்டு போனேன். தர்ஷினி மாலையோடு உட்கார்ந்திருந்தாள். பின்னால் கேட்ட குரலைப் பற்றி நான் வீட்டில் யாரிடமும் சொன்னதில்லை. அவளாகத்தான் என்னைக் கிட்டக் கூப்பிட்டுச் சொன்னாள்.

"அன்னைக்கு அப்பா என்னத் தூக்கியாந்ததும் கோயில் வாசல்ல அம்மா அழுதுக்கிட்டே போன எடுத்தாங்க மாமா. மாமாகிட்ட குடும்மான்னேன். சார்ஜ் இல்லன்னு திருப்பி மடியில வச்சிட்டாங்க."

இன்றைக்கும் ராணி அந்த நாளுக்கு நன்றி சொல்ல வாயெடுத்தால் நான் பேச்சை மாற்றிவிடுவேன். அந்த வார்த்தையை நான் முன்பே கேட்டுவிட்டேன். யார் வாயிலிருந்து என்பதுதான் தெரியவில்லை.