ஈரம் காய மூன்று நாள்

அம்மாவின் சமாதி மண் என்று சொல்லி, யாருடைய நிலத்திலோ அள்ளிய மண்ணை என் அப்பாவிடம் கொடுத்தேன். பொய் மண். இத்தனை வருடமாக இந்தப் பத்திரிகைப் பக்கத்தில் என்னென்னவோ எழுதியிருக்கிறேன்... இதை மட்டும் எழுதவில்லை.

இப்போது எழுதக் காரணம், போன செவ்வாய்க்கிழமை.

சலூனில் முடி வெட்டிக்கொள்ள உட்கார்ந்திருந்தேன். பெஞ்சில் பேப்பர் படித்துக்கொண்டிருந்தவர் திடீரென்று கத்தினார் — "மேட்டூரு ரொம்பிருச்சுங்க!" கடைக்காரர் கத்தரியை நிறுத்திவிட்டு எல்லோருக்கும் டீ சொன்னார். எனக்கும் ஒன்று வந்தது. குடிக்க முடியவில்லை. கடைக்காரர் கேட்டார்:

"ஏனுங் வாத்தியாரய்யா, ஊரே சந்தோசப்படுது. நீங்க மட்டும் எழவு ஊட்டுல உக்காந்தாப்பல இருக்கறீங்க?"

"டீ சூடா இருக்குதுங்க" என்றேன்.

பாருங்கள், பொய் எனக்கு எவ்வளவு சுலபமாக வருகிறது!

விஷயம் இதுதான். என் அம்மா அந்த அணைக்குள் இருக்கிறாள்.

எங்கள் ஊரின் பெயரைச் சொன்னாலும் உங்களுக்குத் தெரியாது. எந்த மேப்பிலும் இப்போது கிடையாது. மேட்டூர் அணை கட்டியபோது தண்ணீருக்குள் போன ஊர்களில் அதுவும் ஒன்று.

அம்மாவுக்குத் தண்ணீர் என்றால் பயம். ஆற்றைத் தாண்டப் பரிசலில் ஏறினால் நட்ட நடுவில் உட்கார்ந்து, கண்ணை இறுக மூடி, என் அரைஞாண் கயிற்றைப் பிடித்துக்கொள்வாள். பிள்ளை விழாமல் பிடித்திருக்கிறாள் என்று மற்றவர்கள் நினைப்பார்கள். உண்மையில் அவள் விழாமல் இருக்கத்தான் என்னைப் பிடித்திருந்தாள். இது எங்கள் இருவருக்கு மட்டும் தெரிந்த ரகசியம்.

மற்றபடி அவள் எதற்கும் பயந்தவள் அல்ல. கேழ்வரகைக் காயப் போட்டுவிட்டு, கோழி விரட்ட என் கையில் ஒரு குச்சியைக் கொடுத்து உட்கார வைப்பாள். நான் புத்தகத்தில் மூழ்கிவிடுவேன். கோழிகள் விருந்து சாப்பிட்டுவிட்டுப் போகும். "படி சாமி, நல்லாப் படி. நீ கலெக்டரு ஆவறயோ இல்லியோ, கோழி குண்டாயிரும்!"

அணை வேலை நடந்துகொண்டிருந்த வருடங்களில் காய்ச்சலில் படுத்தாள். படுக்கையில் பேசியதெல்லாம் அணையைப் பற்றித்தான்.

"தண்ணி நம்ம காடு வரைக்கும் வருமாமா சாமி?"

காடு என்றால் மரமடர்ந்த காடு அல்ல — மழையை நம்பி விதைக்கிற நிலத்தை எங்கள் பக்கம் அப்படித்தான் சொல்வோம்.

"வரும்னுதான் சொல்றாங்கம்மா. அதுக்குள்ளே நாம வேற ஊருக்குப் போயிருவோம்."

"நீங்க எல்லாரும் போயிருவீங்க. என்னையத் தண்ணிக்குள்ள உட்டுட்டுப் போயறாதீங்க கண்ணு."

"மாட்டேம்மா" என்றேன். கையைப் பிடித்துக்கொண்டுதான் சொன்னேன்.

காட்டின் மூலையில் அவளை அடக்கம் செய்தோம். தலைமாட்டில் ஒரு கருங்கல் நட்டோம்.

இரண்டு வருடம் கழித்து ஊர் காலியானது. அப்பாவும் தங்கை பாவாயியும் வண்டி கட்டிக்கொண்டு மல்லசமுத்திரம் பக்கம் குடிபோனார்கள். நான் பி.ஏ. முடித்து, சேலத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் புதிதாகச் சேர்ந்திருந்தேன்.

குடிபெயர்ந்து போகிறவர்கள் பிடிமண் எடுத்துப் போவது வழக்கம். சமாதியிலிருந்து ஒரு கைப்பிடி மண். போன இடத்தில் அதை வைத்து மேடை கட்டி விளக்கேற்றினால், மண்ணுக்குள் இருப்பவர்களும் கூடவே வந்துவிட்டார்கள் என்று அர்த்தம். அதை மூத்த மகன்தான் அள்ள வேண்டும்.

அப்பா ஆளிடம் சொல்லி அனுப்பினார் — தண்ணீர் ஏறிக்கொண்டிருக்கிறது, வருகிற ஞாயிற்றுக்கிழமையே போய் அள்ளிக்கொண்டு வந்துவிடு.

அந்த ஞாயிற்றுக்கிழமை நான் எங்கே இருந்தேன் தெரியுமா? ஹெட்மாஸ்டரின் பேட்மிண்டன் டீமில் ஒரு ஆள் குறைந்தது. "நீங்க வரலாமே?" என்று ஒரு வார்த்தை கேட்டார். புது வாத்தியாரை ஹெட்மாஸ்டர் கூப்பிடுகிறார்! மண் எங்கே ஓடிவிடப்போகிறது என்று நினைத்தேன். ஜெயித்தோம் என்றுதான் ஞாபகம்.

மண் எங்கும் ஓடவில்லை. தண்ணீர்தான் வந்துவிட்டது.

அடுத்த ஞாயிறு போனபோது, காட்டுக்குப் போகிற வண்டித்தடம் நேராகத் தண்ணீருக்குள் இறங்கியது. தூரத்தில் எங்கள் புளியமரங்கள் இடுப்பளவுத் தண்ணீரில் நின்றன. உச்சிப்பொழுது வரைக்கும் கரையில் நின்றேன். பிறகு பஸ் ஏறினேன். சங்ககிரி தாண்டி, இன்ஜின் சூடு தணிய பஸ்ஸை நிறுத்தினார்கள். இறங்கி, ரோட்டோரக் காட்டில் ஒரு பிடி மண்ணை அள்ளிக் கைக்குட்டையில் முடிந்துகொண்டேன்.

அப்பா அதை இரண்டு கையாலும் வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

அப்போதாவது சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை.

வேப்பமரத்தடியில் மேடை எழுந்தது. இரண்டு வருடத்தில் அப்பா போய்விட்டார் — அந்த மேடையைக் கும்பிட்டுக்கொண்டே. பாவாயிக்குப் பக்கத்துத் தோட்டத்திலேயே மாப்பிள்ளை. வெள்ளிக்கிழமை தவறாமல் வந்து விளக்கேற்றுவாள். மாடு கன்று போட்டதிலிருந்து மாமியார் திட்டியது வரைக்கும் அம்மாவிடம் சொல்வாள். நான் போனால் நானும் கைகூப்பி நிற்பேன். வாய் அசையும், வார்த்தை வராது. வெறும் மண்ணிடம் என்ன பேசுவது?

அவளுக்காவது மேடையில் ஒரு அம்மா இருந்தாள். எனக்கு அதுவும் இல்லை.

எனக்குப் பேப்பர்தான். நீர்மட்டம் இத்தனை அடி என்று பார்த்தால், அம்மாவுக்கு மேலே இத்தனை அடி என்றுதான் மனசு படித்தது. மழை பெய்யப் பெய்ய அவள் ஆழத்துக்குப் போனாள். தமிழ்நாடே மழைக்கு வேண்டிக்கொண்டபோது, வேண்டாம் என்று வேண்டிக்கொண்டவன் நான் ஒருவன்தான். இதை விவசாயிகள் மன்னிக்க வேண்டும்.

யுத்தம் முடிந்த பிறகு மழை பொய்த்தது. அணை வற்றியது. பள்ளிக்கூடத்துக்கு லீவு போட்டுவிட்டுப் புறப்பட்டேன்.

ஊர் இருந்த இடம் வெடித்துக் கிடந்தது. புளியமரங்களின் அடிக்கட்டையை வைத்து எங்கள் காட்டைக் கண்டுபிடித்தேன். அங்கே பச்சைப் பசேலென்று கம்பு விளைந்திருந்தது! தண்ணீர் இறங்கிய ஈரத்தில் யாரோ விதைத்திருக்கிறார்கள்.

"ஏனுங், வெள்ளாமைக்குள்ள எங்கீங்க போறீங்க?" — அரிவாளோடு ஒரு பெரியவர் எழுந்து வந்தார்.

"எங்கம்மாவை இங்கேதான் அடக்கம் பண்ணியிருக்குதுங்க. தலைமாட்டுல ஒரு கருங்கல் இருந்தது..."

பெரியவர் முகம் மாறிவிட்டது. "அட சாமி! அந்தக் கல்லுலதானுங்க நான் அருவாத் தீட்டறேன்!"

ஓடினார். கல்லின் மேல் கிடந்த துண்டை எடுத்தார். கன்னத்தில் போட்டுக்கொண்டார். "கழுவி உட்டர்றனுங்க, ஒரு நிமிசம்" என்று குடத்தைத் தூக்கினார்.

"தண்ணி மட்டும் வேண்டாமுங்க" என்றேன்.

வெடித்த மேல்மண்ணை விலக்கி, அடியில் ஒரு பிடி அள்ளினேன். சேறு. கைக்குட்டை முழுக்க நனைந்துவிட்டது. நேராகப் பாவாயி வீட்டுக்குப் போனேன். அவள் வாசலில் கடலைக்காய் உரித்துக்கொண்டிருந்தாள்.

"வாங்கண்ணா. என்ன கைக்குட்டையில தண்ணி ஒழுகுது?"

நின்றுகொண்டே எல்லாவற்றையும் சொன்னேன். பேட்மிண்டனையும் சொன்னேன். அவள் கை உரிப்பதை நிறுத்தவில்லை. கடைசியில்தான் நிமிர்ந்தாள்.

"அப்ப... பதினாலு வருசமா நான் யாருக்குங்கண்ணா வெளக்கு வெச்சேன்?"

நான் கைக்குட்டையை நீட்டினேன். அவள் வாங்கவில்லை.

உள்ளே போய்விட்டாள். சாப்பிட்டீங்களா என்று கேட்கவில்லை. எங்கள் பக்கம் வீட்டுக்கு வந்தவரை அந்த வார்த்தை கேட்காமல் இருந்தால், அதைவிடப் பெரிய தண்டனை கிடையாது. வெளியே நின்றேன்.

கொஞ்ச நேரம் கழித்து வந்தாள். கையில் முறம். கைக்குட்டையை வாங்கிப் பிரித்தாள். முகர்ந்து பார்த்தாள்.

"மீனு வாசமடிக்குது... இத்தன ஈரத்துல எப்பிடிங்கண்ணா கெடந்துச்சு அம்மா?"

அப்போதுதான் அழுதாள். சேற்றை முறத்தில் பரப்பி, வெயிலில் வைத்தாள்.

"அம்மாளுக்கு ஈரம் ஆவாது. நல்லாக் காயட்டும், மத்த பேச்செல்லாம் பொறவு. கோழி கெளறாமப் பாத்துக்கிட்டு இங்கியே உக்காருங்க." ஒரு குச்சியை என் கையில் கொடுத்தாள். "புஸ்தகம் கிஸ்தகம் எடுத்தீங்க... பாத்துக்கோங்க!"

மூன்று நாள் உட்கார்ந்தேன். வெயில் நகர நகர முறத்தை நகர்த்தினேன். ஒரு கோழியை அண்ட விடவில்லை. சாப்பாடு வந்தது, பேச்சு வரவில்லை. மூன்றாம் நாள் மண் பொடிப்பொடியாக உதிர்ந்தது. பாவாயி அதை எடுத்துப்போய் மேடையில் ஒரு குழி பறித்து வைத்தாள். பழைய மண்ணை எடுத்துவிடவா என்று கேட்டேன்.

"அது இருக்கட்டுங்க. யாரு காட்டு மண்ணோ... பதினாலு வருசம் நாஞ்சொன்னதெல்லாம் கேட்டுக்கிட்டு இருந்துச்சுல்ல?"

அன்றைக்குத்தான் அந்த மேடை முன்னால் எனக்கும் பேச வந்தது.

பாவாயி மன்னித்தாளா? தெரியாது. அதற்கப்புறம் ஒவ்வொரு சீசனுக்கும் மாம்பழக் கூடையோடு போவேன். வாங்கி வைத்துக்கொண்டு, ஆயுசு முழுக்க, ஒரே கேள்விதான் கேட்டாள் — "ஏனுங்கண்ணா, இது நெசமாலுமே சேலத்துப் பழந்தானுங்களா?"

இப்போது அவளும் இல்லை. நான் கரை சேர்த்தது ஒரு பிடிதான். மீதி அம்மா இன்னும் அங்கேதான் இருக்கிறாள். அதனால்தான், அணை நிரம்பியது என்று யாராவது சொன்னால், டீயைக் கீழே வைத்துவிட்டு, வெளியே வெயில் அடிக்கிறதா என்று எட்டிப் பார்க்கிறேன்.