நாகஜோதி கேட்ட ஸ்டார் பட்டியல்

நாகஜோதி வாயிலிருந்து ஒரு 'நல்லாருக்கு' வாங்குவதற்குள் தாவு தீர்ந்துவிடும். திருப்பூர் பனியன் கம்பெனியில் பதினோரு வருஷமாக அவளுக்குச் செக்கிங் வேலை. துணியை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தால் ஊசி ஓட்டை, எண்ணெய்க் கறை எதுவும் தப்பாது. பார்த்த இடத்தில் அம்புக்குறி ஸ்டிக்கர் ஒட்டிவிடுவாள். மனுஷர்களையும் அதே கண்ணால்தான் பார்ப்பாள். "ஏட்டி, உன் டேபிளுக்கு ஏசப்பாவே வந்தாலும் ரிஜெக்ட்தான்" என்பாள் கூட வேலை பார்க்கும் ரோஸ்மேரி.

அப்பேர்ப்பட்டவள் செல்போனில் ஒரு கதை எழுதி இணையப் போட்டிக்கு அனுப்பினாள். வாசகர்கள் போடும் ஸ்டார்தான் தீர்ப்பு. முதல் மூன்று கதைகள் புத்தகமாக வரும். தன் பேரை அச்சில் பார்த்துவிட வேண்டும், அவ்வளவுதான் அவள் ஆசை. பாவி மகளுக்கு நாலாம் இடம்!

அவளுக்கு வயிறு எரிந்தது. முதலில் வந்தது தாராபுரத்துக் கீர்த்தனாவாம். யார் இவள்? போட்டி நடத்துகிறவர்களுக்குச் சொந்தமாக இருப்பாளோ? விடுவாளா நாகஜோதி? கமெண்டில் போட்டாள்: "கீர்த்தனாவுக்கு விழுந்தது பூராவும் கள்ள ஓட்டு. மடியில கனமில்லேன்னா எல்லாரோட ஸ்டார் பட்டியலையும் வெளியே போடுங்க!" நூறு பேர் சேர்ந்து கத்தினார்கள்.

மறுநாள் போட்டேவிட்டார்கள். கீர்த்தனாவுக்கு ஐம்பத்தாறு ஸ்டார், பதினேழு நாளில் ஒன்றொன்றாக விழுந்தவை. போட்டவர்களில் ஐம்பத்து மூன்று பேர் கதையை முழுசாகப் படித்திருந்தார்கள். நாகஜோதி நாலு தரம் பார்த்தும் ஸ்டிக்கர் ஒட்ட இடம் கிடைக்கவில்லை.

அவளுக்கு நாற்பத்திரண்டு ஸ்டார். நாற்பத்தொன்று ஒரே நாள், மதியச் சாப்பாட்டு வேளையில், ஒன்பது நிமிஷத்தில்.

கம்பெனி லைனில் யார் வீட்டுப் பிள்ளை எந்தப் போட்டியில் நின்றாலும் அத்தனை பேரும் போனை எடுத்து அமுக்கிவிடுவது வழக்கம். அவள் கதைக்கும் அப்படித்தான். தமிழே படிக்கத் தெரியாத ஒடிசாப் பிள்ளைகளும் சிரித்துக்கொண்டே ஸ்டாரை அமுக்கினார்கள். அதை ஒத்தாசை என்றுதான் அவள் நினைத்திருந்தாள்.

சூப்பர்வைசர் திருமூர்த்தி எட்டிப் பார்த்தார். "ஏனுங்க ஜோதி, நாங்கெல்லாம் போட்டமே, பத்தலீங்களா?"

"பத்துச்சுண்ணே" என்றாள். முகத்தில் ஈயாடவில்லை.

பட்டியலின் கடைசிக் கட்டத்தில், அவள் கதையை முழுசாகப் படித்தவர் ஒரே ஒருவர் என்றிருந்தது. பேரும் போட்டிருந்தது: கீர்த்தனா, தாராபுரம்.

கமெண்டை அழிக்கப் போனைத் தடவினாள். அதற்குக் கீழே ஆட்கள், பட்டியலைப் பார்க்காமலே, இன்னும் கீர்த்தனாவைத் திட்டிக்கொண்டிருந்தார்கள்.