அம்மா ரிஜெக்ட் செய்த டார்ட்டுகள்

நான் ஸ்ட்ராபெர்ரி டார்ட் நன்றாகச் செய்வேன். அடக்கத்துக்காக ‘சுமாராகச் செய்வேன்’ என்றெல்லாம் சொல்ல மாட்டேன். மைதா, வெண்ணெய், பொடித்த சர்க்கரை, ஒரு சிட்டிகை உப்பு, கஸ்டர்ட், பழம். பிஸ்கட் மாதிரி ஒரு மாவுக் கிண்ணம், உள்ளே கஸ்டர்ட், மேலே பழம், அவ்வளவுதான், பெரிய வித்தை ஒன்றுமில்லை. ஓவன் இல்லாத வீட்டில் இட்லித் தட்டை வைத்துக் கற்றுக்கொண்டேன். அதற்கு அடுத்த நாள் பள்ளிக்கூடத்தில் ஒரு அடிதடி நடந்தது. ஆரம்பித்தவள் நான்.

அப்போது நாங்கள் திருப்பூரில், மண்ணரைப் பக்கம் குடியிருந்தோம். அம்மா ஒரு பனியன் கம்பெனியில் செக்கிங்கில் இருந்தாள். தைத்து முடிந்த துணி மேசைக்கு வரும். விரித்துப் பார்த்து, தையல் விட்டிருந்தாலோ அழுக்கு இருந்தாலோ பிரிண்ட் நகர்ந்திருந்தாலோ அந்த இடத்தில் சிவப்பு அம்புக்குறி ஸ்டிக்கர் ஒன்றை ஒட்டுவாள். ஒட்டினால் ரிஜெக்ட். ஒட்டாவிட்டால் பாஸ். வண்டி வாசலில் நிற்கிறது, கண்ணை மூடிக்கொண்டு பாஸ் பண்ணு என்று ஒருமுறை மேனேஜரே வந்து நின்றாராம். “கண்ண மூடிட்டுப் பாக்கறதுக்கு எதுக்குங்க செக்கிங்கு?” என்று கேட்டுவிட்டு அம்மா ஸ்டிக்கர் ஒட்டிக்கொண்டே இருந்தாளாம். அம்மாவின் தம்பி, என் மாமா, இந்தக் கதையை வீட்டுக்கு வருகிறவர்களிடமெல்லாம் சொல்வார். எனக்குக் கேட்டுக் கேட்டுச் சலித்துப்போயிருந்தது.

ரிஜெக்ட் ஆன துணியைத்தான் நான் போட்டுக்கொண்டேன். திருப்பூரில் பாதிப் பிள்ளைகள் அப்படித்தான். வெளிநாட்டுப் பிள்ளைக்கு ஆகாத துணி நமக்கு ஆகும். அதில் எனக்கு வருத்தம் ஒன்றும் இருந்ததில்லை, குழந்தைகள் தினம் வரும்வரை.

அன்றைக்குக் கலர் டிரஸ் போட்டு வரலாம் என்றார்கள். உடம்பு முழுக்க ஸ்ட்ராபெர்ரி டார்ட் படம் அச்சடித்த வெள்ளை கவுன் ஒன்று என்னிடம் இருந்தது. அதைப் போட்டுக்கொண்டு ராணி மாதிரி போனேன். என் வகுப்பில்தான் அந்தக் கம்பெனி முதலாளியின் மகளும் படித்தாள். என்னைச் சுற்றி வந்து பார்த்தாள். குனிந்து கவுனின் கீழ் ஓரத்தைப் பிடித்தாள். அங்கே ஒரு டார்ட்டின் பழம் தனியாகவும் கிண்ணம் தனியாகவும் விலகி அச்சாகியிருந்தது. நான் அதைக் கவனித்ததே இல்லை.

“இது எங்கப்பா கம்பெனி ரிஜெக்ட்டு. பாரு, பிரிண்ட் நகந்திருக்கு.”

வகுப்பே சிரித்தது. எனக்குக் காது சூடாகிவிட்டது. வாயில் வந்ததைச் சொன்னேன்.

“எங்கம்மா இத நெசமாவே செய்வாங்க. திங்கற டார்ட்டு. என்ற பொறந்தநாளுக்கு எல்லாத்துக்கும் கொண்டாரேன். உனக்குந்தான்.”

அம்மா அதுவரை டார்ட் என்ற ஒன்றை நேரில் பார்த்ததுகூட இல்லை. ஆயிரக்கணக்கான துணியில் அச்சாகப் பார்த்திருக்கிறாள், அவ்வளவுதான். இரண்டு மாதம் கழித்துப் பிறந்தநாள் வந்தது. வகுப்பில் இருந்த முப்பத்தெட்டுப் பேரும் ஞாபகம் வைத்திருந்தார்கள். சிரித்ததையும் ரிஜெக்ட் என்று சொன்னதையும் நான் வீட்டில் சொல்லவில்லை. வகுப்புக்கே டார்ட் தருவதாகச் சொல்லிவிட்டேன், தராவிட்டால் பள்ளிக்கூடமே போக மாட்டேன் என்று மட்டும் சொல்லி அழுதேன்.

அம்மா திட்டினாள். அப்புறம் செய்ய ஒப்புக்கொண்டாள். கம்பெனி ஆபீசில் வேலை பார்த்த ஒரு அக்கா இன்டர்நெட்டில் பார்த்துச் செய்முறையை ஒரு லேபிள் அட்டையின் பின்பக்கம் எழுதிக் கொடுத்தாள். மாமா ஊட்டிக் கடைகளுக்குப் பனியன் ஏற்றிப் போகிற வேன் டிரைவர். சனிக்கிழமை திரும்பி வரும்போது எட்டுப் பெட்டி ஸ்ட்ராபெர்ரியோடு வந்தார்.

ஞாயிற்றுக்கிழமை காலையிலேயே தொடங்கினோம். குளிர்ந்த வெண்ணெயை மைதாவில் போட்டு, விரல் நுனியால் உதிர்த்து, ரவை மாதிரி ஆனதும் சர்க்கரையும் உப்பும் சேர்த்து, கொஞ்சம் தண்ணீர் தெளித்துத் திரட்டினோம். அழுத்திப் பிசையக் கூடாது என்று அட்டையில் எழுதியிருந்தது. அரை மணி நேரம் குளிர்பெட்டியில் வைத்து எடுத்து, இட்லித் தட்டின் குழிகளில் வெண்ணெய் தடவி, மாவைக் கிண்ணம் மாதிரி அழுத்திவிட்டோம். அதில் பாதி எனக்குக் கொடுத்த வேலை. உப்பிவிடாமல் இருக்க முள்கரண்டியால் குத்த வேண்டும். ஒரு பழைய அலுமினியக் குண்டாவில் கல் உப்பைப் பரப்பிச் சூடாக்கி, அதன்மேல் தட்டை வைத்து, மூடி, மூடிமேல் அம்மிக் குழவியை ஏற்றினாள் அம்மா. ஒரு ஈட்டுக்கு எட்டு. ஆறு ஈடு. எடுக்கும்போது நான்கு உடைந்தது, அதை மாமா தின்றார். நாற்பத்து நான்கு மிச்சம். முப்பத்தெட்டுப் பேருக்கு எதேஷ்டம்.

கஸ்டர்டைக் கிண்டி ஆறவைத்து ஊற்றினோம். பழத்தைப் பாதியாக வெட்டி மேலே வைத்தோம். ஜாமை வெந்நீரில் கரைத்து ஒரு பூச்சுப் பூசினதும் எல்லாம் பளபளவென்று ஆனது. ஒவ்வொன்றையும் ஒரு காகிதக் கப்பில் உட்காரவைத்தோம். எனக்குத் தலைகால் புரியவில்லை.

அப்போதுதான் அம்மா கையைத் துடைத்துக்கொண்டு உள்ளே போய் என் கவுனை எடுத்துவந்தாள். சுவரில் ஆணியில் மாட்டினாள். டியூப் லைட்டைப் போட்டாள். அளவெடுக்கிற டேப்பை எடுத்துக் கழுத்தில் போட்டுக்கொண்டாள்.

“என்னக்கா பண்றீங்க?” என்றார் மாமா.

“அப்ரூவல் சாம்பிள் அதுதான? அதப் பாத்துத்தான செக் பண்ணோணும்.”

விளையாட்டுக்குச் சொல்கிறாள் என்று நினைத்தேன். விளையாட்டு இல்லை. அச்சில் ஒரு டார்ட்டுக்கு மூன்று துண்டுப் பழம், கூர்முனை மேலே பார்த்து இருந்தது. இரண்டு துண்டு இருந்ததெல்லாம் ரிஜெக்ட். முனை சாய்ந்திருந்தது ரிஜெக்ட். ஓரம் விரிசல் விட்டது, ஒரு பக்கம் கருகினது, கஸ்டர்ட் வழிந்தது, டேப்பில் கால் இஞ்சு கூடினது, எல்லாம் ரிஜெக்ட். கைப்பையிலிருந்து ஸ்டிக்கர் தாளை எடுத்து, தப்பு இருந்த பக்கமாகக் காகிதக் கப்பில் அம்பு ஒட்டிக்கொண்டே வந்தாள்.

“அக்கா, திங்கற சாமானுக்கு எதுக்குங்க அளவு? வயித்துக்குள்ளார போயி யாரு டேப்பு வெக்கறது?”

“நீ போய் அக்கட்ட உக்காரு. கெரகம், நாலப் பிச்சுத் தின்னுபோட்டுப் பேச வந்துட்டான்.”

முடிவில் பத்தொன்பது பாஸ். இருபத்தைந்து ரிஜெக்ட். ரிஜெக்ட்டில் பாதிக்கு மேல் நான் அழுத்திய கிண்ணங்கள்.

“பத்தொம்பதுதான் போகோணும் அம்மிணி. மத்தவங்களுக்குச் சாக்லேட்டு குடு.”

“பாதிப் பேத்துக்கு டார்ட்டு, பாதிப் பேத்துக்குச் சாக்லேட்டா? எல்லாம் சிரிப்பாங்க!”

“சிரிச்சாச் சிரிக்கட்டும். ரிஜெக்ட்டு இந்த ஊட்டத் தாண்டி வெளிய போகாது.”

நான் கத்தினேன். தட்டைத் தூக்கி எறியப் போனேன். மாமா பிடித்துக்கொண்டார். அம்மா இரண்டு தட்டையும் தனித்தனியாகக் குளிர்பெட்டியில் வைத்துவிட்டுத் துணி துவைக்கப் போய்விட்டாள். அன்று அவளைப் போல் ஒரு கொடுமைக்காரி ஊரில் இல்லை என்று முடிவு செய்தேன்.

திங்கட்கிழமை காலை அம்மா கம்பெனி வண்டியில் போனதும் ரிஜெக்ட் தட்டை வெளியே எடுத்தேன். மிஸ்ஸுக்கும் சேர்த்து, இருப்பதில் நல்லதாக இருபதைப் பொறுக்கினேன். கப்பில் இருந்த அம்புகளை ஒவ்வொன்றாக உரித்தேன். நல்லதையும் கெட்டதையும் கலந்து இரண்டு பெரிய டப்பாவில் அடுக்கினேன். அதே கவுனை வேண்டுமென்றே போட்டுக்கொண்டேன். மாமா வேனில் கொண்டுபோய் விட்டார். டப்பாக்களின் கனம் அவருக்குத் தெரிந்திருக்கும். இறக்கிக் கொடுத்துவிட்டுப் போனார்.

வகுப்பில் எல்லோருக்கும் என் கையாலேயே கொடுத்தேன். வாயில் போட்டவர்கள் கண்ணை மூடிக்கொண்டார்கள். ஒருத்தன் காகிதத்தை நக்கினான். முதலாளி மகள் தன்னுடையதைக் கடிக்கவில்லை. கப்பைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தாள். காகிதத்தின் மடிப்புக்குள் நான் கவனிக்காமல் விட்ட அம்பு ஒன்று இருந்தது. அதற்கு என்ன அர்த்தம் என்று அந்த வகுப்பிலேயே எங்கள் இரண்டு பேருக்குத்தான் தெரியும். அவள் எழுந்து நின்று அதை உயர்த்திப் பிடித்தாள்.

“இதுவும் ரிஜெக்ட்டு! நமக்கெல்லாம் ரிஜெக்ட் பீசக் குடுத்திருக்கா!”

தின்றுகொண்டிருந்தவர்கள் நிறுத்தினார்கள். கப்பைத் திருப்பிப் பார்த்தார்கள். இரண்டு மூன்று பேர் மேசையில் வைத்துவிட்டார்கள். அதைப் பார்த்ததும் நான் அவள் சடையைப் பிடித்து இழுத்தேன். பெஞ்சில் விழுந்தாள். நானும் விழுந்தேன். மிஸ் வந்து பிரித்தபோது என் கையில் அவள் ரிப்பன் இருந்தது.

மிஸ் அந்த டார்ட்டை எடுத்துச் சாட்சிப் பொருள் மாதிரி தன் மேசைமேல் வைத்தார். கம்பெனிக்குப் போன் போட்டார். அரை மணி நேரத்தில் அம்மா வந்தாள். கம்பெனி கோட்டைக் கழற்றக்கூட இல்லை. தலையில் பஞ்சுத்தூசி.

வாசலில் நின்று முதலில் என் கவுனைப் பார்த்தாள். அப்புறம் பிள்ளைகளுக்கு முன்னால் பாதி கடித்துக் கிடந்த டார்ட்டுகளை. மிஸ் நடந்ததைச் சொல்லி முடிக்கும் முன்பே முதலாளி மகள் குறுக்கே வந்தாள்.

“ஆண்ட்டி, நீங்கதானே செக்கிங்? ஸ்டிக்கர் இருந்தா ரிஜெக்ட்டுதானே? அவ டிரஸ்கூட ரிஜெக்ட்டுதானே? அன்னிக்கே நான் சொன்னேன்.”

அம்மா அவளைப் பார்த்தாள். அப்புறம் என்னைப் பார்த்தாள். அன்னிக்கே என்றால் என்றைக்கு என்று அவள் கேட்கவில்லை.

மேசைக்குப் போய் அந்த டார்ட்டை எடுத்தாள். ஜன்னல் பக்கம் திரும்பி வெளிச்சத்தில் பிடித்தாள். கம்பெனியில் செய்கிற மாதிரியே முன்னால், பின்னால், ஓரம் என்று திருப்பித் திருப்பிப் பார்த்தாள். ஓரத்தில் விரல் நுழைகிற மாதிரி ஒரு விரிசல். கஸ்டர்ட் அதன் வழியாக ஒழுகிக் காய்ந்திருந்தது. மேலே இரண்டே துண்டுப் பழம். எனக்கே தெரிந்தது.

அம்மா அம்பை உரித்தாள்.

“இல்லீங்க பாப்பா. இது பாஸ் பீஸ்தானுங்க. ஸ்டிக்கரு நாந்தான் தப்பா ஒட்டிப்போட்டேன்.” பத்து வயதுப் பிள்ளைக்கு அத்தனை ‘ங்க’. “சாப்புடுங்க சாமி.”

முதலாளி மகள் விரிசலைப் பார்த்தாள், அம்மாவைப் பார்த்தாள். செக்கர் பாஸ் என்றால் பாஸ்தான், அது அவள் அப்பா கம்பெனிச் சட்டம். வாங்கிக் கடித்தாள். ஒரு கடிக்குமேல் அவளால் நிறுத்த முடியவில்லை, அதை நான் நன்றாகவே பார்த்தேன். மேசையில் வைத்தவர்களும் எடுத்துத் தின்றார்கள். மிஸ் ஒன்று எடுத்துக்கொண்டார். நான் முதலாளி மகளிடம் மன்னிப்புக் கேட்க வேண்டியிருந்தது. கேட்டேன். வாய்தான் கேட்டது.

என்னைக் கூட்டிக்கொண்டு போகச் சொல்லிவிட்டார்கள். பஸ்ஸில் அம்மா ஜன்னலோரம் உட்கார்ந்தாள். அடி விழும் என்று காத்திருந்தேன். விழவில்லை. அதனால் எனக்குத் துணிச்சல் வந்துவிட்டது.

“பாத்தியா? நல்ல பீஸ்னு நீயே சொன்னே. அப்ப நேத்து எதுக்கு ரிஜெக்ட் பண்ணுன? எதுக்கு என்னைய அழ வெச்சே?”

“ஆமா அம்மிணி. நாஞ் சரியாப் பாக்குல.”

“மாமாகிட்டயும் சொல்லோணும்.”

“சொல்றேன்.”

உரித்த அம்பை அவள் எறியாமல் புறங்கையில் ஒட்டிவைத்திருந்தாள். அதன் முனை அவள் பக்கம் பார்த்து இருந்தது. மறந்துவிட்டாள் போலிருக்கிறது என்று நான் அதைப் பிய்த்து ஜன்னலுக்கு வெளியே எறிந்தேன்.

சாயங்காலம் மாமா வந்ததும், தான் சரியாகப் பார்க்கவில்லை என்று அம்மா அவரிடம் சொன்னாள். அடுப்பைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். நான் பக்கத்தில் நின்று, எங்கம்மாவுக்குச் செக்கிங்கே தெரியாது, நல்ல டார்ட்டையெல்லாம் ரிஜெக்ட் பண்ணிவிட்டாள் என்று குதித்தேன். எதற்கெடுத்தாலும் சிரிக்கிற மாமா அன்று சிரிக்கவில்லை. அதற்கப்புறம் அந்த மேனேஜர் கதையை அவர் என் முன்னால் சொன்னதே இல்லை. சலித்துப்போன கதை ஒழிந்தது என்று நான் சந்தோஷப்பட்டேன்.