பிரமிடும் அப்பாவின் வெற்றிலைப் பையும்

தலவாக்கலைப் பள்ளிக்கூடத்தில் சரித்திரப் பாடத்துக்கு பிரமிடு வந்தபோது, அப்பா இறந்து ஐந்து மாதம் ஆகியிருந்தது. எகிப்து ராஜாக்கள் உயிரோடிருக்கும்போதே தங்களுக்குக் கல்லறை கட்டத் தொடங்கிவிடுவார்களாம். முதலில் படிப்படியாக ஏறும் கட்டடம், பிறகுதான் வழவழப்பான சரிவு. செத்தவன் மறு உலகத்திலும் உண்பான், உட்காருவான், ஆட்சி செய்வான் என்று நம்பி, உடம்பைப் பதப்படுத்தி, கட்டில், நகை, சாப்பாடு எல்லாம் உள்ளே வைத்து மூடினார்கள். கல் இழுத்தவர்களுக்குப் புத்தகத்தில் ஒன்றரை வரி. அதில் எனக்குக் கோபம் வேறு.

சாமான் வைத்து மூடிய இடத்தை இரண்டாம் தடவை படித்தேன். நாங்களும் அதைத்தான் செய்திருந்தோம். அப்பாவைத் தேயிலை மலைக்குக் கீழே புதைத்தபோது, போர்த்திய கம்பளியோடு அவருடைய வெற்றிலைப் பையும் போனது. செத்தவர் இடுப்பில் கட்டிய பையை அவிழ்க்கக் கூடாது என்பது எங்கள் லயத்து வரிசை வீடுகளில் பழக்கம், அம்மா அவிழ்க்கவில்லை. முன்பு பொகவந்தலாவைத் தோட்டத்தில் அவர் வேலை செய்த வருஷங்களைச் சொல்லும் துண்டுக் காகிதம் அதற்குள்தான் இருந்தது. பெட்டியில் வைத்தால் கூரை ஒழுகி நனையும் என்று, எண்ணெய்த்தாளில் சுற்றிப் பையில் வைத்திருந்தார்.

அப்பா போட்டிருந்த பிரஜாவுரிமை மனுவை விசாரிக்கக் கடிதம் வந்த பிறகுதான் எங்களுக்கு அது உறைத்தது. பழைய பதிவு எதுவும் இல்லை என்று அந்தத் தோட்டத்து ஆபீஸில் கையை விரித்துவிட்டார்கள். இங்கே இருந்த வருஷங்களைக் காட்டும் துண்டு இல்லாவிட்டால் அம்மா, நான், தம்பிகள் யாரும் இந்த நாட்டுக்காரர்கள் இல்லை. விசாரணைக்கு எட்டே நாள்.

பிரமிடுகளுக்குள் திருடர்கள் புகுந்து எல்லாவற்றையும் வழித்துக்கொண்டு போனார்கள் என்று அடுத்த பக்கத்தில் இருந்தது. பொய் வழியும் பெரிய கல்லும் வைத்து அடைத்தும் பலிக்கவில்லையாம். எனக்கு அவர்கள்மேல் பொறாமையாக இருந்தது. உள்ளே கிடந்தவர் அவர்களுடைய அப்பா இல்லை. அங்கே மழையும் இல்லை. ஆயிரக்கணக்கான வருஷத்துத் துணிகூட மக்காமல் இருந்ததாம். எங்கள் லிந்துலைப் பக்கத்து மழைக்கு எண்ணெய்த்தாள் எத்தனை நாள் தாங்கும்?

"தோண்டிப் பாக்கலாமாம்மா?" என்று கேட்டேன்.

அம்மா கொழுந்துக் கூடையை இறக்கி வைத்தாள். "உங்கப்பா நிம்மதியைக் கெடுத்துத்தான் நாம இங்க இருக்கணுமா?"

இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. ஞாயிற்றுக்கிழமை காலையில் அவளே மண்வெட்டியை எடுத்துக் கொடுத்தாள். "நீயே தோண்டு. நான் தள்ளி நிக்கிறேன். என்னால பாக்க முடியாது."

பாறை நிலம், ஆழமாக வெட்டிய குழியும் இல்லை. முழங்கை ஆழத்துக்குக் கீழே கம்பளியின் ஓரம் தெரிந்தது. நிறம்கூட அப்படியே இருந்தது. அதை விலக்கினால் அவர் இடுப்பு, இடுப்பில் பை. என் கை போகவில்லை. என்னை நானே எவ்வளவு திட்டிக்கொண்டும் போகவில்லை. பயம்தான், வேறொன்றும் இல்லை. மண்ணைத் தள்ளி மூடிவிட்டு மேலே வந்தேன்.

"இருந்துச்சா?" என்றாள் அம்மா.

"பை மக்கிப் போச்சும்மா. எல்லாம் மண்ணாயிருச்சு."

விசாரணையில் அதிகாரி மரியாதையாகத்தான் பேசினார். ஆதாரம் எதுவும் இல்லாமல் தன்னால் ஒன்றும் செய்ய முடியாது என்றார். மனு தள்ளுபடியானது. தம்பிகளுக்கும் சேர்த்துத்தான்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் நான் அழுதேன். அம்மா முந்தானையால் என் முகத்தைத் துடைத்தாள்.

"அழாத. நீ கையை விட்டுத் தேடிப் பாத்தியே, அதுவே எனக்குப் போதும்" என்றாள்.